மண்டை ஓட்டு மோதிரம்

துறைமுகத்தின் ஓரத்தில் ஒரு சாராயக் கடை. இரவு நேரம். மாலுமிகளும் கப்பல் கூலிகளும் கூட்டமாக உட்கார்ந்து குடித்துக் கொண்டு இருக்கிறார்கள். கதவைத் தள்ளிக் கொண்டு ஒரு முரடன் உள்ளே வருகிறான்.

அவனுடைய தாடையில் ஒரு சின்னத் தழும்பு. உற்றுப் பார்த்தால், அது மண்டை ஓட்டின் வடிவம்!

அவ்வளவுதான். கடையில் பேச்சு நின்று விடுகிறது. பக்கத்தில் இருந்தவன் தன் குவளையை எடுத்துக் கொண்டு வேறு மேஜைக்குப் போய் விடுகிறான். "யாரிடம் அடி வாங்கினாய்?" என்று ஒருவரும் கேட்கவில்லை. கேட்க வேண்டிய அவசியமும் இல்லை. அடித்தவர் யார் என்பது அந்தக் கடலோரம் முழுவதற்கும் தெரியும்.

அதே நாட்டில், காட்டின் நடுவே ஒரு ஆஸ்பத்திரி. சுற்றுச் சுவர் கிடையாது. துப்பாக்கி ஏந்திய காவல்காரன் கிடையாது. உள்ளே விலை உயர்ந்த மருந்துகள் இருக்கின்றன. ஆனாலும் எந்தத் திருடனும் அந்தப் பக்கம் தலை காட்டுவது இல்லை. வாசலில் இருப்பது ஒரே ஒரு முத்திரைதான். குறுக்கு நெடுக்காக வைத்த வாள்களைப் போன்ற ஒரு குறி.

முரடனின் தாடையில் இருப்பதும், ஆஸ்பத்திரி வாசலில் இருப்பதும் ஒரே மனிதரின் இரண்டு மோதிரங்களில் இருந்து வந்தவை. அந்த மனிதர்தான் வேதாளர்!

பல பெயர், ஒரே முகமூடி

ஆங்கிலத்தில் அவர் பெயர் "பேண்டம்". தமிழில் முத்து காமிக்ஸ் படித்தவர்களுக்கு அவர் வேதாளர். ராணி காமிக்ஸ் படித்தவர்களுக்கு முகமூடி வீரர் மாயாவி. இந்திக்காரர்கள் வேதாள் என்பார்கள். வங்காளிகள் அரண்யதேவ் என்று அழைத்தார்கள். வடக்கே வேலை பார்க்கும் தமிழர், பக்கத்து இருக்கை வங்காளி நண்பரிடம் இந்தக் கதையைப் பேச ஆரம்பித்தால், இரண்டு பேரும் சிறுவயதில் ஒரே ஆளின் கதையைத்தான் படித்தோம் என்பது தெரிய வரும்!

இவரைப் படைத்தவர் லீ பாக் என்ற அமெரிக்கர். 1911-ம் ஆண்டு செயின்ட் லூயி நகரில் பிறந்தவர். 1934-ல் மந்திரவாதி மாண்ட்ரேக்கைப் படைத்தார். இரண்டு ஆண்டுகள் கழித்து, 1936-ம் ஆண்டு பிப்ரவரி 17-ந் தேதி, பத்திரிகைகளில் வேதாளரின் படக்கதை தொடங்கியது. முதலில் படம் வரைந்தவர் ரே மூர். பின்னர் வில்சன் மெக்காய் வரைந்தார். 1961 முதல் 1994 வரை சை பேரி வரைந்தார்.

மாண்ட்ரேக் மந்திரத்தால் எதிரிகளின் கண்ணைக் கட்டுவார். வேதாளருக்கோ மந்திரம் தெரியாது. பறக்க முடியாது. குண்டு பட்டால் ரத்தம் வரும். கத்தி பாய்ந்தால் உயிர் போகும். அவரிடம் இருப்பவை இரண்டு கைத்துப்பாக்கிகள், ஹீரோ என்ற குதிரை, டெவில் என்ற ஓநாய். இவற்றோடு இரண்டு மோதிரங்கள்.

அப்படி இருந்தும் காட்டு மக்கள் அந்த மோதிரங்களுக்கு மந்திர சக்தி இருப்பதாக நம்பினார்கள். ஏன்? அதைத் தெரிந்து கொள்ள, கதையில் 400 ஆண்டுகள் பின்னால் போக வேண்டும்.

மண்டை ஓட்டின் மேல் சபதம்

ஆண்டு 1536. ஒரு வணிகக் கப்பல் கடலில் போய்க் கொண்டு இருக்கிறது. கப்பல் தலைவர் தன் வாலிப மகனையும் உடன் அழைத்து வந்து இருக்கிறார். மகன் பெயர் கிறிஸ்டோபர் வாக்கர்.

பங்கல்லா நாட்டுக் கரை கண்ணுக்குத் தெரியும் நேரத்தில் கடற்கொள்ளையர் பாய்ந்தார்கள். கப்பலில் இருந்தவர்களை வெட்டிச் சாய்த்தார்கள். மகனின் கண் எதிரிலேயே தந்தை கொல்லப்பட்டார். கப்பல் தீப்பற்றி வெடித்தது. தூக்கி எறியப்பட்ட கிறிஸ்டோபர் ஒருவன் மட்டும் கரை ஒதுங்கினான்.

அவனைக் காப்பாற்றியவர்கள் பாந்தர் என்னும் குள்ள மனிதர்கள். காயத்துக்கு மருந்து போட்டார்கள். சோறு போட்டார்கள். ஊரும் உறவும் இல்லாமல் கரை சேர்ந்தவனுக்கு அவர்கள்தான் உறவு ஆனார்கள்.

சில காலம் கழித்துக் கடற்கரையில் ஒரு பிணம் ஒதுங்கிக் கிடந்தது. அதன் உடலில் இருந்த உடைகளைப் பார்த்துக் கிறிஸ்டோபர் திடுக்கிட்டான். அவை அவனுடைய தந்தையின் உடைகள்! தந்தையைக் கொன்றவன் அவரது உடையையும் பறித்து அணிந்து இருந்தான். அந்தக் கொலைகாரன்தான் பிணமாகக் கிடந்தான்.

பழி வாங்க ஆள் இல்லை. கடலே பழி வாங்கி விட்டது. வேறு ஒருவனாக இருந்தால் அத்தோடு கதை முடிந்து இருக்கும்.

கிறிஸ்டோபர் அந்தக் கொலைகாரனின் மண்டை ஓட்டைக் கையில் எடுத்தான். தனி மனிதன் மேல் இருந்த கோபத்தை விட்டு விட்டு வேறு ஒரு சபதம் செய்தான். கடற்கொள்ளை, பேராசை, கொடுமை, அநீதி ஆகியவற்றை ஒழிக்கத் தன் வாழ்நாளைச் செலவிடுவது. தனக்குப் பின் தன் மகனும், அவன் மகனும் இதையே செய்வது. இதுதான் சபதம்.

பாந்தர் மக்களை வேறு ஒரு கூட்டத்தார் அடிமைகளாக வைத்து இருந்தார்கள். அந்தக் கூட்டத்தார் ஒரு பயங்கரச் சிலையைக் கண்டு நடுங்குவார்கள். கிறிஸ்டோபர் அந்தச் சிலையைப் போலவே உடை தைத்து, முகமூடி போட்டு, அவர்கள் முன்னால் போய் நின்றான். பாந்தர்கள் விடுதலை பெற்றார்கள். அன்று முதல் அந்த உடையே பரம்பரை உடை ஆனது.

மண்டை ஓடு பரம்பரைச் சின்னம் ஆனது. மற்ற இடங்களில் மண்டை ஓடு கடற்கொள்ளையரின் கொடியில் பறக்கும். இங்கே அதே மண்டை ஓடு கொள்ளையருக்கு எதிரான முத்திரையாக மாறியது!

வலது கை, இடது கை

வேதாளரின் வலது கை விரலில் இருப்பது மண்டை ஓட்டு மோதிரம். கெட்டவனின் தாடையில் அவர் குத்து விட்டால், மண்டை ஓட்டின் உருவம் அங்கே பதிந்து விடும். அது அழியாது. கழுவினாலும் போகாது, தேய்த்தாலும் போகாது. அவன் எந்த ஊருக்குப் போனாலும் அவனுடைய குற்றம் அவனுக்கு முன்னால் போய் நிற்கும்.

சிறையில் அடைத்தால் ஒருநாள் வெளியே வந்து விடலாம். பெயரை மாற்றிக் கொண்டால் பழைய கதையை மறைத்து விடலாம். முகத்தில் விழுந்த முத்திரையை எங்கே கொண்டு போய் மறைப்பது?

இடது கை மோதிரம் வேறு வகை. அது நல்லவர்களுக்கு உரியது. இதயத்துக்குப் பக்கத்தில் உள்ள கை என்பதால் அதில் அணிந்து இருக்கிறார். இந்த முத்திரையைப் பெற்றவர் வேதாளரின் பாதுகாப்பில் இருக்கிறார் என்று பொருள். அவர் மீது கை வைத்தால் வேதாளர் மீது கை வைத்தது போல.

இதை அவர் எல்லோருக்கும் கொடுத்து விட மாட்டார். தனக்கு உதவி செய்தவர்களுக்கும், பிறருக்காக உழைக்கிறவர்களுக்கும் அபூர்வமாகக் கொடுப்பார். காட்டு ஆஸ்பத்திரி டாக்டர் ஆக்சலுக்குக் கிடைத்தது அப்படித்தான். அந்த ஆஸ்பத்திரிக்கு நண்பனும் வரலாம், பகைவனும் வரலாம். வைத்தியம் உண்டு, சண்டை கூடாது.

தண்டனைக்கு ஒரு கை. அடைக்கலத்துக்கு ஒரு கை. இதுதான் வேதாளரின் சட்டப் புத்தகம்.

சாகாத மனிதரின் 20 சமாதிகள்

"வேதாளருக்குச் சாவே கிடையாது. என் பாட்டனுக்குப் பாட்டனும் அவரைப் பார்த்து இருக்கிறான்" என்று காட்டு மக்கள் பேசிக் கொள்வார்கள். நான்கு நூற்றாண்டுகளாக அதே உடை, அதே முகமூடி, அதே மோதிரம். அவர்கள் வேறு எப்படி நினைக்க முடியும்?

உண்மை பாந்தர் குள்ளர்களுக்கு மட்டும் தெரியும். மண்டை ஓட்டுக் குகையின் உட்பகுதியில் வரிசையாக 20 சமாதிகள் இருக்கின்றன. ஒவ்வொன்றிலும் ஒரு வேதாளர் உறங்குகிறார். இப்போது நடமாடுகிறவர் 21-வது வேதாளர்.

தந்தை சாகும் தறுவாயில் மகன் வருவான். தந்தையை அடக்கம் செய்வான். அதே பழைய மண்டை ஓட்டின் மேல் கை வைத்து அதே சபதத்தைச் சொல்வான். பிறகு முகமூடியை மாட்டிக் கொண்டு வெளியே வருவான். வெளி உலகத்தைப் பொறுத்தவரை எதுவும் நடக்கவில்லை. "வேதாளர் வருகிறார்" என்று மக்கள் வழி விடுவார்கள்.

ஒரு முறை 17-வது வேதாளரால் எழுந்து நடமாட முடியாத நிலை வந்தது. முகமூடி வெளியே வராவிட்டால் கெட்டவர்களுக்குத் துணிச்சல் வந்து விடும். அவருடைய சகோதரி ஜூலி அந்த உடையை எடுத்து அணிந்தாள். குதிரை ஏறிப் போனாள். ஒரு பெண் வேதாளரின் வேலையைச் செய்து முடித்தாள்!

மோதிரத்தில் மந்திரம் இருந்து இருந்தால், இதற்கு எல்லாம் தேவையே இல்லை. மோதிரத்தை ஒரு கம்பத்தில் மாட்டி வைத்து விட்டு எல்லோரும் வீட்டுக்குப் போய் இருக்கலாம். முத்திரைக்குப் பின்னால் ஒரு ஆள் எப்போதும் நிற்க வேண்டும். அந்த இடம் ஒரு நாள் கூடக் காலியாக இருக்கக் கூடாது. மந்திரம் என்று மக்கள் நினைத்தது இதைத்தான்.

இரும்புப் பெட்டியில் வரும் உத்தரவு

அலுவலகத்தில் வேலை பார்க்கிறவர்களுக்கு மிகவும் பிடித்த பகுதி ஒன்று இந்தக் கதையில் உண்டு.

பங்கல்லாவில் காட்டு ரோந்துப் படை என்று ஒன்று இருக்கிறது. 6-வது வேதாளர் உண்டாக்கியது. அதன் முதல் வீரர்கள் யார் தெரியுமா? திருந்திய கடற்கொள்ளையர்கள்!

இந்தப் படைக்கு ஒரு தளபதி உண்டு. ஆனால் அவர் யார் என்பது படையில் ஒருவருக்கும் தெரியாது. தலைமை அலுவலகத்தில் ஒரு பழைய இரும்புப் பெட்டி இருக்கிறது. கர்னல் தன் அறிக்கையை அதில் வைத்துப் பூட்டுவார். பிறகு திறந்தால், அறிக்கை இருக்காது. அதற்குப் பதில் தளபதியின் உத்தரவு இருக்கும்!

உத்தரவு வந்து விட்டதற்கு அடையாளமாக ஒரு விளக்கு எரியும். சிப்பாய்கள் வியப்பார்கள். "நம் தளபதி ஆவியோ?" என்று தங்களுக்குள் கேட்டுக் கொள்வார்கள்.

ரகசியம் இதுதான். அலுவலகத்துக்கு வெளியே ஒரு பாழுங்கிணறு. அதன் உள்ளே ஒரு சுரங்கப் பாதை. பாதை வந்து முடியும் இடம், அந்த இரும்புப் பெட்டியின் அடிப்புறம்! வேதாளர் கிணற்றில் இறங்கி, சுரங்கத்தில் நடந்து வந்து, பெட்டியின் அடிப்பலகையை நீக்கி, காகிதத்தை எடுத்துக் கொண்டு உத்தரவை வைத்து விட்டுப் போவார்.

முகம் தெரியாத அதிகாரியின் உத்தரவை நூற்றுக்கணக்கான வீரர்கள் ஏன் மதிக்கிறார்கள்? இத்தனை தலைமுறைகளில் அந்தப் பெட்டியில் இருந்து அநியாயமான உத்தரவு வந்தது இல்லை என்பதால்தான்.

பம்பாயில் மாறிய பெயர்கள்

இந்தியாவில் வேதாளரை வீடு வீடாகக் கொண்டு போய்ச் சேர்த்தது இந்திரஜால் காமிக்ஸ். டைம்ஸ் ஆப் இந்தியா நிறுவனம் 1964-ம் ஆண்டு மார்ச்சு மாதம் பம்பாயில் இதைத் தொடங்கியது. முதல் இதழே வேதாளரின் இடுப்புப் பட்டை பற்றிய கதைதான். 1990 வரை சுமார் 800 இதழ்கள் வெளிவந்தன. ஆங்கிலம், இந்தி, தமிழ் உட்படப் பல மொழிகளில் வந்த இந்த இதழ்களில் பாதிக்கு மேல் வேதாளர் கதைகள்.

பம்பாய் ஆசிரியர்களுக்கு ஒரு சங்கடம் இருந்தது. மூலக் கதையில் வேதாளரின் நாட்டுக்கு முதலில் வைத்த பெயர் "பெங்காலி". கடற்கொள்ளையரின் பெயர் "சிங்" கூட்டம். 20-வது வேதாளரைக் கத்தியால் குத்திய துரோகியின் பெயர் "ராமா"!

இந்தியாவைப் பார்த்திராத இளைஞராக லீ பாக் வைத்த பெயர்கள் இவை. அமெரிக்காவில் யாரும் கவலைப்படவில்லை. இந்தியாவில் அப்படியே அச்சிட முடியுமா? நாடு "டென்காலி" என்று மாறியது. "சிங்" என்பது "சிங்கா" ஆனது. "ராமா" என்பவன் "ராமாலு" ஆனான். இந்தியச் சிறுவர்கள் மனம் புண்படாமல் கதையைப் படித்தார்கள்.

ஆரம்பக் கதைகளில் அந்தக் காடு ஆசியாவில் இருந்தது. பிறகு ஆப்பிரிக்காவுக்கு நகர்ந்தது. அதனால்தான் ஆப்பிரிக்க மக்கள் வாழும் காட்டில் புலியும் நடமாடுகிறது!

இந்தக் கதையின் மீது ஒரு குறையும் சொல்லப்படுவது உண்டு. கறுப்பு மக்கள் வாழும் காட்டுக்கு நீதி வழங்க ஒரு வெள்ளைக்காரர்தான் வர வேண்டுமா என்ற கேள்வி அது. கேள்வி நியாயமானது. வெள்ளையர் பாதி உலகை ஆண்ட காலத்தில் பிறந்த கதை. அந்தக் காலத்தின் கறை அதன் மீது இருக்கிறது.

லீ பாக் பின்னாளில் கதையை மாற்றிக் கொண்டு வந்தார். பங்கல்லா சுதந்திர நாடு ஆனது. லமாண்டா லுவாகா என்ற கறுப்பு டாக்டர் மக்கள் ஓட்டுப் போட்டு ஜனாதிபதி ஆனார். ரோந்துப் படையின் கர்னல் பதவிக்குக் கறுப்பு அதிகாரி வொருபு வந்தார். வேதாளர் ஆட்சி நாற்காலியில் உட்காரவில்லை.

கேடயத்தில் ஏறிய முகமூடி

கதையில் வரும் முத்திரை கதையோடு நின்று விட்டதா? இல்லை. ஒரு நாட்டில் அது உண்மையான போர்க்களத்துக்கே போய் விட்டது.

ஆஸ்திரேலியாவுக்கு வடக்கே உள்ள நாடு பாபுவா நியூகினி. அங்கே மலைப்பகுதியில் வாகி என்ற பள்ளத்தாக்கு இருக்கிறது. அந்த நாட்டின் பொதுப் பேச்சு மொழியில் வெளியான வான்டோக் என்ற வாரப் பத்திரிகை வேதாளர் படக்கதையை வெளியிட்டது. எழுதப் படிக்கத் தெரியாதவர்களும் படத்தைப் பார்த்துக் கதையைப் புரிந்து கொண்டார்கள்.

1980-களில் அந்தப் பள்ளத்தாக்கில் பழைய குலச் சண்டைகள் மறுபடியும் மூண்டன. வீரர்கள் ஆள் உயரக் கேடயங்களை எடுத்தார்கள். முன்பு அவற்றில் தங்கள் குலக் கோலங்களைத் தீட்டுவது வழக்கம். இப்போது சிலர் என்ன தீட்டினார்கள் தெரியுமா? முகமூடி அணிந்து, துப்பாக்கி ஏந்தி நிற்கும் வேதாளரை! சில கேடயங்களில் "சாகாத மனிதன்" என்ற பட்டப் பெயரையும் எழுதினார்கள்.

அவர்கள் ஏன் இவரைத் தேர்ந்து எடுத்தார்கள் என்பதைப் புரிந்து கொள்வது கடினம் அல்ல. முன்னோர்களுக்குப் பெரிய மதிப்புக் கொடுக்கும் மக்கள் அவர்கள். வேதாளரும் முன்னோரின் சமாதிகளைக் காத்துக் கொண்டு குகையில் வாழ்கிறார். தந்தையின் கடமையை மகன் எடுத்துச் செய்கிறான். அவர்களுக்கு இது சொந்த வீட்டுக் கதை போல இருந்தது.

அந்தக் கேடயங்கள் இன்று அருங்காட்சியகங்களில் இருக்கின்றன. பார்க்கிறவர்கள் சிரிப்பது உண்டு. ஆனால் அவற்றைப் பிடித்துக் கொண்டு நின்றவர்கள் விளையாடவில்லை. எதிரில் வந்தது உண்மையான ஆயுதம்.

அதோடு இன்னொன்றும் தெரிகிறது. கதையில் அந்த உருவம் அமைதியைக் காப்பது. கேடயத்தில் அதே உருவம் ஒரு குலம் இன்னொரு குலத்தோடு மோதுவதற்குத் துணை போனது. சபதம் இல்லாமல் சின்னத்தை மட்டும் எடுத்துக் கொண்டால், அது வெறும் சாயம்தான்.

ஊரில் இருந்து வந்த செய்தி

இந்த மோதிரத்துக்கு ஒரு விலை உண்டு. அந்த விலையை ஒவ்வொரு தலைமுறையும் புதிதாகக் கொடுக்க வேண்டும்.

21-வது வேதாளர் குகையில் பிறந்தவர். சிறுவனாக இருந்தபோது படிப்புக்காக அமெரிக்காவில் உள்ள உறவினர் வீட்டுக்கு அனுப்பப்பட்டார். கிட் வாக்கர் என்ற பெயரில் வளர்ந்தார். படிப்பில் கெட்டிக்காரர். எந்த விளையாட்டிலும் முதல் ஆள். குத்துச் சண்டையில் உலகச் சாம்பியனையே வீழ்த்தினார். டயானா என்ற பெண்ணின் அன்பும் கிடைத்தது. எந்தத் தொழிலில் இறங்கி இருந்தாலும் பணமும் பெயரும் குவிந்து இருக்கும்.

அந்த நேரத்தில்தான் ஊரில் இருந்து செய்தி வந்தது. தந்தை கத்திக் குத்துப்பட்டு மரணப் படுக்கையில் இருக்கிறார். உடனே புறப்பட்டு வர வேண்டும்.

ஊரை விட்டுத் தொலைவில் பிழைக்கிறவர்களுக்கு இந்தக் கட்டம் புதியது அல்ல. "தந்தைக்கு உடல்நிலை மோசம், உடனே புறப்படு" என்று ஒரு காலத்தில் தந்தி வரும். பிறகு டெலிபோனில் வந்தது. கேட்டவுடன் கை கால் ஓடாது. டிக்கெட் கிடைக்குமா, உயிரோடு பார்ப்போமா என்ற நினைப்பிலேயே ரயிலில் இரண்டு இரவு கழியும்.

கிட் வாக்கர் புறப்பட்டார். தந்தையை உயிரோடு பார்த்தார். தந்தையின் கண் மூடியது. மண்டை ஓட்டின் மேல் கை வைத்துச் சபதம் செய்தார். தந்தையின் விரலில் இருந்த மோதிரம் மகன் விரலுக்கு வந்தது.

அந்த நிமிடத்தோடு பட்டம், விளையாட்டு, நகர வாழ்க்கை எல்லாம் முடிந்தது. அவர் முகத்தை இனி வெளியார் யாரும் பார்க்கப் போவது இல்லை. நல்லது செய்தாலும் புகழ் அவருக்கு இல்லை. "சாகாத வேதாளர்" என்ற பெயருக்குத்தான். அவருக்கு முன் இருந்த 20 பேரும் அப்படித்தான் பெயர் இல்லாமல் சமாதி ஆனார்கள்.

டயானா என்ன ஆனாள்? அவள் ஐக்கிய நாடுகள் சபையில் வேலை பார்த்தாள். நாடு நாடாகப் போனாள். காட்டில் இருந்து கடிதம் வரும். அதற்குப் பதில் போகும். "சபதம் செய்தவன் எப்படிக் குடும்பம் நடத்துவது?" என்று அவர் தள்ளிப் போட்டுக் கொண்டே இருந்தார். 1936-ல் தொடங்கிய கதையில் அவர்களுக்குக் கல்யாணம் நடந்தது 1977-ல்! வாசகர்கள் 41 ஆண்டுகள் காத்து இருந்தார்கள். இரண்டு ஆண்டுகள் கழித்து, 1979-ல், ஆண் ஒன்றும் பெண் ஒன்றுமாக இரட்டைக் குழந்தைகள் பிறந்தன.

மனைவி ஒரு ஊர், கணவன் ஒரு ஊர் என்று காலம் தள்ளுகிறவர்களுக்கு, மோதிரத்தின் எடை எவ்வளவு என்பதை எடுத்துச் சொல்ல வேண்டியது இல்லை.

கதையை எழுதியவர்களின் கதையும் கிட்டத்தட்ட இப்படியேதான். லீ பாக் 63 ஆண்டுகள் வேதாளரை எழுதினார். 1999-ம் ஆண்டு மார்ச்சு 13-ந் தேதி நியூயார்க்கில் காலமானார். வேதாளர் சாகவில்லை. வேறு எழுத்தாளர்கள் பேனாவை எடுத்தார்கள். வேறு ஓவியர்கள் தூரிகையை எடுத்தார்கள். ஆஸ்திரேலியாவில் 1948-லும் ஸ்வீடனில் 1950-லும் தொடங்கிய வேதாளர் இதழ்கள், அவரைப் படைத்தவர் மறைந்த பிறகும் வந்தன. படிப்பவர்களுக்கு எந்த வித்தியாசமும் தெரியக் கூடாது என்பதுதான் அவர்கள் எல்லோருடைய முயற்சி.

தொழிற்சாலை வாசலில் காட்டும் அடையாளச் சீட்டிலும் ஒரு முத்திரை இருக்கிறது. குமாஸ்தாவின் மேஜை மேல் ஒரு ரப்பர் முத்திரை கிடக்கிறது. குத்தும்போது எல்லாம் ஒரே மாதிரிதான் விழுகின்றன. ஒரு முத்திரையைப் பார்த்தால் ஏழை நிம்மதி அடைகிறான். இன்னொன்றைப் பார்த்தால் யாரும் பொருட்படுத்துவது இல்லை. மை ஒன்றுதான், பின்னால் நிற்கும் ஆள்தான் வேறு.

குகையில் 20 சமாதிகளுக்கு அடுத்தாற்போல இடம் காலியாக இருக்கிறது. அது யாருக்கு என்று 21-வது வேதாளருக்குத் தெரியும். தெரிந்தும் ஒவ்வொரு நாள் காலையிலும் அந்த மோதிரங்களை மாட்டிக் கொண்டு அவர் வெளியே போகிறார்.